மீசை வைத்த பூசணிக்காய்

மாலை நாலேகால் மணிக்கு அந்தத் தகர டப்பாவைத் திறந்தேன். முதலில் கண்ணில் பட்டது பழுப்புப் பொடி. படச்சுருள் என்று சொல்ல எதுவும் மிச்சமில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளில் போத்தனூர் ரயிலின் ஊதல் கேட்கும் தூரத்தில் ஒரு ஸ்டூடியோ இருந்தது. பத்திரிகைக்குச் செய்தி சேகரிக்கப் போய், அங்கிருந்த கேமராக்காரருக்கு நண்பனானேன். பெரிய படங்களில் மிஞ்சிய துண்டு பிலிமை ஒட்டி அவர் சொந்தமாக ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தார். திருஷ்டிப் பூசணிக்காய் ஒன்றில் சுண்ணாம்பாலும் கரியாலும் முகம் எழுதி, ஓரத்தில் கீறிவிட்டு, அங்கே தனக்குக் கிடைத்த ஓர் அறையில், விளக்கடியில் ஒரு மேடைமேல் வைத்திருந்தார். மணிக்கு இரண்டு தடவை கேமராவின் கைப்பிடியைச் சுற்றுவார். தடவைக்கு ஒரே ஒரு படக்கட்டம் பதிவாகும். காய் அழுக அழுக முகம் கிழடாகும். கடைசியில் கூழிலிருந்து விதை முளைக்க வேண்டும். நன்றாக வந்தால் தீபாவளிப் படத்துக்கு முன்னால் ஓட்டுவதாக முதலாளி சொல்லியிருந்தார். வராவிட்டால் அந்த அறையைக் காலி செய்ய வேண்டும்.

இருபத்திரண்டாம் நாள் நாங்கள் சாப்பிட்டுவிட்டு வந்தபோது மேடையில் புதுக் காய் ஒன்று பளபளத்தது. பெருக்குகிற அம்மாள் துடைப்பத்தோடு நின்றிருந்தார்.

"அக்கா, இங்கிருந்த காயி எங்கீங்க?" என்று கேட்டார் கேமராக்காரர்.

"இன்னைக்கு அமாவாசைங்க. திருஷ்டிக்காயை மாத்தோணுமில்லீங்களா? புழு நெளிஞ்சுது, குழியில போட்டு மூடிப்போட்டனுங்க. முகங்கூட எழுதியிருக்கறேன். மீசை உங்களாட்டத்தானுங்க!"

கேமராக்காரர் முக்காலியில் உட்கார்ந்துவிட்டார். மிச்சமிருந்தது ஒரு முழம் பிலிம்தான். முதலிலிருந்து தொடங்க வழியில்லை. பிறகு எழுந்து லென்ஸ் வழியாகப் பார்த்தார். "சிரிக்குதுங்க," என்றார் என்னிடம். கைப்பிடியைச் சுற்றினார்.

தீபாவளியன்று கொட்டகையில் பார்த்தேன். கன்னம் ஒட்டியது, வெள்ளைப் பூஞ்சை தாடியாக வளர்ந்தது, தாடை நழுவியது, கண்ணிலிருந்து புழு எட்டிப் பார்த்தது. மறு நொடி, முறுக்கு மீசையோடு புது முகம். ஒரே கூச்சல், பிறகு கைதட்டல். இரண்டு பெண்கள் கும்பிட்டார்கள். மறுபடி ஓட்டச் சொல்லி ஜனங்கள் விடவில்லை. மணல் தரையில் உட்கார்ந்திருந்த அந்த அம்மாள், "அது நான் வெச்ச காயுங்க," என்றார்.

"ஆமா, நீதான் படமும் புடிச்சே. கம்முனு உக்காரு," என்றது பக்கத்துக் குரல்.

"உடுங்க, அக்காதான் புடிச்சாங்க," என்றார் பின்னாலிருந்த கேமராக்காரர். அறை அவரிடமே இருந்தது. பிறகு வெளியூர் போகும்போது அந்தப் படச்சுருளை டப்பாவோடு என்னிடம் தந்துவிட்டுப் போனார்.

பொடியைக் குழி தோண்டிப் புதைத்தேன். டப்பாவைக் கழுவி வெயிலில் வைத்தேன். என் மனைவி அதில் பூசணி விதை போட்டு வைத்திருக்கிறாள்.