ஆள் குறைந்த பக்கம்

ஸ்டேஷனில் ஏட்டையாவுக்குச் ‘சமாதானம்’ என்று பட்டப்பெயர். எங்கே தகராறு என்றாலும் அவரைத்தான் அனுப்புவார்கள். தடியைத் தூக்கமாட்டார், குரலை உயர்த்தமாட்டார். எந்தப் பக்கம் ஆள் குறைவோ அந்தப் பக்கம் போய், "இன்னிக்கு வேணாமே, வீட்டுக்குப் போங்க" என்பார். ஐம்பது பேரைக் கலைப்பதைவிட ஒருவரை அனுப்புவது சுலபம் என்று கண்டுபிடிக்க மேதாவியாக இருக்க வேண்டியதில்லை. அந்த ஒருவர் கையில் கோர்ட் உத்தரவே இருந்தாலும் என்ன? உத்தரவு நாளைக்கும் செல்லும், உடைந்த மண்டை ஒட்டுமா? ஊரும் அமைதியாகத்தான் இருந்தது. அதற்காக அவருக்குப் பதக்கம்கூடக் கொடுத்தார்கள்.

அவருடைய அக்கா கடைவீதியில் தையல் கடை வைத்திருந்தாள். வியாபாரிகள் சங்கம் கடையடைப்பு அறிவித்த அன்று, பள்ளிக்கூடச் சீருடை பாக்கி இருக்கிறதென்று இவள் மட்டும் திறந்துவிட்டாள். மறுநாள் ஷட்டரில் சங்கத்தின் பூட்டு தொங்கியது. அவளா விடுவாள்? கோர்ட்டுக்குப் போய், போலீஸ் பாதுகாப்போடு கடையைத் திறக்க உத்தரவு வாங்கி வந்தாள். இரண்டு முறை கடை வாசல்வரை வந்தவளை, அங்கே நின்ற சங்கத்துக் கூட்டத்தைக் காட்டி இரண்டு முறையும் தம்பியே திருப்பி அனுப்பினார். துணி கொடுத்தவர்கள் வேறு கடை தேடிக்கொண்டார்கள்.

மூன்றாம் முறையும் இன்ஸ்பெக்டர் அவரைத்தான் கூப்பிட்டார்.

"உங்க அக்காதானே, நீங்க சொன்னா கேப்பாங்க. சத்தமில்லாம முடிச்சிட்டு வாங்க."

கடை வாசலை அடைத்துக்கொண்டு வியாபாரிகள் நின்றார்கள். எதிரே அக்கா தனியாக. ஏட்டையாவின் கால் தானாக அவள் பக்கம் போனது.

"அக்கா, கூட்டத்தப் பாத்தியா? இன்னிக்கு..."

"பாத்தேன்டா. வம்பு பண்ண வந்தது அவங்க. என்னை ஏன்டா கலைக்கிற? இன்னிக்கும் தெறக்கலன்னா மெஷினை வித்துட்டு உன் வீட்டுலதான் வந்து உக்காரணும்."

ஏட்டையா தன் வீட்டை நினைத்துப் பார்த்தார். அக்காவும் மனைவியும் ஒரே அடுப்படியில் என்றால் பட்டாளமே வந்தாலும் அமைதி நிலைக்காது.

வேலைக்குச் சேர்ந்த பிறகு முதல் தடவையாகப் பெரிய கூட்டத்தின் பக்கம் திரும்பினார். "ஒதுங்குங்க. கோர்ட் உத்தரவு. பூட்டை எடுங்க." சொல்லிவிட்டுக் கல் எந்தப் பக்கமிருந்து வருமோ என்று பார்த்தார்.

கல் வரவில்லை. கூட்டம் ஒதுங்கியது. சங்கத் தலைவர் பையிலிருந்து சாவியை எடுத்தார்.

"முதல் தடவையே சொல்லியிருக்கலாமே ஏட்டையா? எங்ககிட்ட யாரும் ஒண்ணும் கேக்கல. நீங்க அவங்களைப் போகச் சொன்னதப் பாத்து, சட்டம் எங்க பக்கம்னுல்ல நெனச்சோம்!"

ஷட்டர் மேலே போனது. அக்கா மெஷின்மேல் படிந்த தூசியைத் தட்டிக்கொண்டே, "உள்ள வாடா" என்றாள். ஏட்டையா தெருவிலேயே நின்றார். இத்தனை வருஷத்தில் அவர் வீட்டுக்கு அனுப்பிவைத்த முகங்கள் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. வெட்கத்தில் அவரால் அந்தப் படியேற முடியவில்லை.