மோதிர விரலை மறைத்து வாசித்த இரண்டு வருடம்

கிதார் வாசிப்பவனுக்குக் கைதட்டல் வலது கைக்கு, வலி இடது கைக்கு. மேடையேறிப் பிழைக்கும் சகபாவிகளே, உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்குச் சொல்கிறேன். கம்பியை மீட்டும் வலது கையைத்தான் ஜனங்கள் பார்க்கிறார்கள். மேலே கம்பியை அழுத்திக்கொண்டு இடது கை விரல்கள் படும் பாட்டை ஒருவரும் பார்ப்பதில்லை. அதனால்தான் என்னால் இரண்டு வருடம் ஏமாற்ற முடிந்தது.

என் பெயர் சாமுவேல். அத்திப்பட்டுப் பக்கம் சர்ச் பாடகர் குழுவில் கிதார் பிடிக்கக் கற்றவன். முப்பது வருடத்துக்கு மேலாகக் கும்மிடிப்பூண்டியில் ஒரு மெல்லிசைக் குழுவுக்கு லீட் கிதார். வயது ஐம்பத்தெட்டு. இரண்டு வருடமாக என் இடது கை மோதிர விரல் மடங்கினால் நிமிர மறுக்கிறது. கொஞ்ச நேரம் முறைத்துக்கொண்டு நின்றுவிட்டு, அப்புறம் 'டக்'கென்று விடும். அதற்குள் பாட்டு அடுத்த வரிக்குப் போயிருக்கும். ஆகவே அந்த விரல் போக வேண்டிய இடத்துக்கு நடுவிரலைக் கீழேயிருந்து இழுத்துக்கொண்டு போவேன். ஸ்வரம் சற்றுத் தாமதமாக, வழுக்கிக்கொண்டு வந்து சேரும். யாராவது கண்டுபிடித்துவிடுவார்களோ என்று ஒவ்வொரு பாட்டிலும் கூட்டத்தின் முகத்தைப் பார்த்துக்கொண்டே வாசிப்பேன்.

டாக்டர்

திருவள்ளூரில் ஒரு எலும்பு டாக்டரிடம் போனேன். விரலை மடக்கச் சொன்னார். மடங்கியது. நிமிர்த்தச் சொன்னார். நானும் அவரும் விரலைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தோம். "சின்ன ஆபரேஷன்தான். ஆனா ஆறு வாரம் கிதாரைத் தொடக் கூடாது" என்றார்.

ஆனி மாதம் அது. ஆடி பிறந்தால் எங்களுக்கு அம்மன் கோயில் கச்சேரிகள் வரிசையாக நிற்கும். ஆறு வாரம் நான் இல்லாமல் குழு ஓடிவிட்டால், ஏழாவது வாரம் என்னை எதற்குக் கூப்பிடப் போகிறார்கள்? ஆடி முடியட்டும் சார் என்று இழுத்தேன். டாக்டர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கேட்டார்: "கிதார் உங்களுக்குப் பொழப்பா, பொழுதுபோக்கா? அதை மொதல்ல முடிவு பண்ணிட்டு வாங்க."

ரோசியின் தீர்ப்பு

விஷயம் தெரிந்த இன்னொரு ஆள் என் மனைவி ரோசி. தினமும் வெந்நீரில் என் கையை முக்கிவைத்துக்கொண்டு திட்டுவாள். சமாதானத்துக்கு போனில் ஒரு வீடியோவைக் காட்டினேன். நான் வாலிபத்தில் கேசட் தேயத் தேயக் கேட்டுப் பழகிய இங்கிலாந்துக்காரர் ஒருவர், ராக் கிதாரில் பெரிய கை. எண்பதை நெருங்கிவிட்டார். முடியெல்லாம் வெள்ளை, ஆனால் இன்னும் மேடையில் நின்று கம்பியை வளைக்கிறார். இவரே வாசிக்கிறாரே, எனக்கென்ன என்றேன்.

ரோசி முழு வீடியோவையும் பொறுமையாகப் பார்த்தாள். பிறகு சொன்னாள்: "அவருக்கு வெரலு மடங்கினா ஊரே காத்துக்கினு இருக்கும். உனுக்கு மடங்கினா உங்க குரூப்பு மூர்த்தி ஆறு நாளு காத்துக்கினு இருப்பானா, சொல்லுயா?"

பதினாறு கிதார்

மூர்த்தி எங்கள் குழுத் தலைவன், பாடகன். கெட்டவன் இல்லை. ஆனால் ஆடிக்கு முந்தின ஒத்திகையில் கீபோர்டு வாசிக்கும் ரேவதிக்குப் புதுக் கீபோர்டு ஒன்று வாங்கி வந்து மேசைமேல் வைத்தான். ரேவதி கெட்டிக்காரப் பெண், எதையும் ஒருமுறை கேட்டால் போதும். ஒரு பட்டனை அமுக்கி நான்கு கட்டையைத் தட்டினாள். அச்சு அசல் என் கிதார்.

பக்கத்து ஊர்க் குழுவில் கிதார்காரர் இப்படித்தான் போனார். முதலில் பட்டன் வந்தது, அப்புறம் அவருக்குப் போன் வருவது நின்றது. என் முகத்தைப் பார்த்துவிட்டு மூர்த்தி தோளில் தட்டிச் சிரித்தான்: "இதுல பதினாறு கிதார் கீது சாமு. ஒண்ணுகூட நடுவுல டீ கேக்காது!"

செருப்பைக் கழற்று

ஆர்.கே.பேட்டை பக்கம் ஒரு அம்மன் கோயில். மேடை சன்னதிக்கு நேர் எதிரே. காப்புக் கட்டின இடம், செருப்போடு ஏறக் கூடாது. நியாயம்தான். ஆனால் மாலையில் ஒரு தூறல் போட்டு மேடைப் பலகை ஊறியிருந்தது. ஜெனரேட்டருக்கு எர்த் சரியாகப் போடவில்லை. கம்பியைப் புறங்கையால் தொட்டுப் பார்த்தேன், சுருக்கென்றது. சவுண்டுக்காரரிடம் சொன்னால், "செருப்பு போட்டுக்கினா ஒண்ணும் ஆவாது" என்கிறார். கழற்று என்பது ஊர். போடு என்பது கரண்ட். ரப்பர் விரிப்பு கேட்டேன், வருகிறது வருகிறது என்றார்கள். வேறு நாளாக இருந்தால் வாசிக்க மாட்டேன் என்று உட்கார்ந்திருப்பேன். புதுக் கீபோர்டு இரண்டடி தள்ளி நிற்கிறதே, எப்படி உட்காருவது? வெறுங்காலோடு ஏறினேன்.

மூன்றாவது பாட்டில் மோதிர விரல் மடங்கிக் கம்பியிலேயே மாட்டிக்கொண்டது. எடுக்க முடியவில்லை. அந்த நேரம் பார்த்துக் கரண்டும் ஏறியது. தோள்வரை உதறுகிறது, வாய் திறக்கிறது, சத்தம் வரவில்லை. செத்தேன் என்றே நினைத்தேன். ரேவதி பார்த்துவிட்டு பிளக்கைப் பிடுங்க ஓடினாள். அதற்குள் முன்வரிசையிலிருந்து ஒரு அம்மா வேப்பிலையோடு மேடையேறிக் கையை விரித்துக் குறுக்கே நின்றார்: "ஆத்தா எறங்கிக்கீறா! யாரும் கிட்ட போவாதீங்கோ, ஒயரத் தொடாதீங்கோ!"

ஆயுத பூஜை

ரேவதி அந்த அம்மாவைச் சுற்றிக்கொண்டு போய்ப் பிளக்கைப் பிடுங்கியதால்தான் இன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். ஆடி போய், ஆவணி போய், தேர்வாய் கண்டிகையில் ஒரு கம்பெனியின் ஆயுத பூஜைக் கச்சேரி வந்தது. அதுவரை குழுவில் ஒருவருக்கும் விரல் விஷயம் தெரியாது. லேத், பிரெஸ், டிரில் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் வைத்து, ஸ்பேனர்களைக்கூட வரிசையாக அடுக்கியிருந்தார்கள். சூப்பர்வைசர் என்னைப் பார்த்து, "உங்க ஆயுதத்தையும் வைங்க சார்" என்றார். ஒருவர் என் கிதாரை ஆயுதம் என்றதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. கொண்டுபோய் டிரில்லுக்குப் பக்கத்தில் வைத்தேன். மாலை போட்டார்கள், கற்பூரம் காட்டினார்கள். கீபோர்டு ஒயரோடு மேடையில் இருந்ததால் ரேவதி அதை வைக்கவில்லை.

கச்சேரி ஐந்து மணிக்கு. பத்து நிமிடம் இருக்கும்போது கிதாரை எடுக்கப் போனேன். நான்கு தொழிலாளிகள் மறித்தார்கள். பூஜையில் வைத்ததை மறுநாள் காலையில்தான் எடுக்க வேண்டுமாம். கெஞ்சினேன். நான் சர்ச்சுக்குப் போகிற ஆள், என்னை விட்டுவிடுங்கள் என்றும் சொல்லிப் பார்த்தேன். மேடையில் மூர்த்தி மைக்கைத் தட்டிக்கொண்டிருக்கிறான். அவர்களில் மூத்தவர் பணிவாகத்தான் சொன்னார்: "நைனா, போன வருசம் ஒர்த்தன் பூஜைல வச்ச டிரில்ல அன்னிக்கே எடுத்துக் கைல ஏத்திக்கினான். உன் வெரலு உனுக்கு வோணாமா?"

பக்கத்து நாற்காலி

மூர்த்தி என்னை ஒருமுறை முறைத்துவிட்டு, ரேவதியிடம் தலையாட்டினான். நான் கூட்டத்தில் போய் உட்கார்ந்தேன். கையில் பொரிப் பொட்டலம். முப்பது வருடத்தில் முதல்முறையாக எங்கள் குழுவை எதிரே இருந்து பார்க்கிறேன். என் லீட் வரும் இடம் நெருங்கியது. ரேவதி பட்டனை அமுக்கினாள்.

வந்தது. அப்படியே வந்தது. என் இடத்தில், சற்றுத் தாமதமாக, வழுக்கிக்கொண்டு. கூட்டம் விசிலடித்தது. அழுகை முட்டிக்கொண்டு வந்தது, பொரியை மென்று அடக்கினேன். பக்கத்து நாற்காலித் தொழிலாளி எக்கி எக்கி மேடையைப் பார்த்துவிட்டு என்னிடமே கேட்டார்: "கிதார் இன்னா சூப்பரா கீது! வாசிக்கறவரு எங்க குந்திக்கினு கீறாரு, கண்ணுல ஆப்டவே இல்ல?"

இழுவை

கச்சேரி முடிந்து ரேவதி ஒயர் சுற்றிக்கொண்டிருந்தாள். அந்த இழுவையை எங்கே பிடித்தாய் என்று கேட்டேன். "அது இல்லாம வாசிச்சா உங்க வாசிப்பு மாதிரியே இல்லணா. சப்புனு கீது. மூர்த்தி அண்ணன்கூட, சாமு இழுப்பு வரலயேன்னாரு. உங்களுக்குக் கரண்டு அடிச்சதுக்கு அப்பால, எதுக்கும் இருக்கட்டும்னு ரெண்டு வாரம் ஊட்ல குந்திக்கினு ப்ராக்டீஸ் பண்ணேன்" என்றாள்.

நான் எதை மறைக்க உயிரைக் கொடுத்தேனோ, அதை இவர்கள் என் ஸ்டைல் என்று நினைத்திருக்கிறார்கள். அதற்குமேல் என்னால் தாங்க முடியவில்லை. விரலை மடக்கிக் காட்டினேன். அது நிமிராமல் நின்றது. டாக்டர் சொன்னதையும் ஆறு வாரத்தையும் ஒன்றுவிடாமல் சொன்னேன். ரேவதி விரலையே பார்த்துக்கொண்டு நின்றாள். 'டக்'கென்று அது விட்டதும், மீதி ஒயரைச் சுற்றி முடித்துவிட்டுச் சொன்னாள்: "போய் ஆபரேஷன் பண்ணிக்கினு வாங்கணா. ஆறு வாரமும் உங்க வெரலு மாதிரியே நொண்டி நொண்டி வாசிச்சிக்கினு இருக்கேன், ஒரு ஆளு கண்டுபுடிக்க மாட்டான்."

ஆபரேஷனுக்கு நாள் குறித்தாகிவிட்டது; விரல் நன்றாக நிமிர்ந்துவிட்டால் 'சாமு இப்பல்லாம் முன்ன மாதிரி வாசிக்கறதில்ல' என்று சொல்லிவிடுவார்களே என்பதுதான் இப்போது எனக்குள்ள ஒரே பயம்.