பல்லின் மேல் ஒரு குமிழ்

செவ்வாய்க்கிழமை காலை எங்கள் ஆய்வுக்கூடத்து வாயிற்காவலர் தொலைபேசியில் அழைத்து, ஜமாலுதீன் வேலைக்கு வரவில்லை, இனி வரவும் மாட்டார் என்றார். வீட்டுக்கார அம்மையார் கதவைத் தட்டிப் பார்த்துவிட்டு மருத்துவரை அழைத்திருக்கிறார். மாரடைப்பு. வயது நாற்பத்தேழு, என்னைவிட மூன்று வயது இளையவர்.

பிராங்பேர்ட் நண்பர்களே, உங்களில் பலர் அவரை மண் அலசுபவராகவே அறிந்திருப்பீர்கள். எட்டு ஆண்டுகள் நிலவறையில் சல்லடையுடன் நின்று, பிறருடைய ஆய்வுக்காக மண்ணில் புதைந்த பழங்கால எலிப் பற்களைப் பொறுக்கித் தந்தார். அதற்கு முன் அவர் யாராக இருந்தார் என்பதைப் பதிவு செய்வது என் கடமை.

அறுபதுகளின் நடுவில், இமயமலை அடிவாரத்துச் சிவாலிக் மலைகளில் கிடைத்த ஒரு தாடைத் துண்டை ஆராய அவர் இங்கு வந்தார். அழிந்துபோன வாலில்லாக் குரங்கின் தாடை, மூன்று பற்கள். மனித வழியின் தொடக்கம் அதுவே என்று அந்நாளில் பலர் நம்பினர். மூலத் தாடை கல்கத்தாவில் இருந்தது. இங்கிருந்தது பிளாஸ்டர் வார்ப்பு. நான் கல்கத்தாவில் பணியாற்றிய காலத்தில், அந்த வார்ப்புக்கான ரப்பர் அச்சை எடுத்தவன் நான்.

ஜமால் அத்தாடையை 'மாமா' என்பார். "வரதன் சார், மாமாவ மெதுவா வைங்க. பல்லு போனா பொண்ணு கெடைக்காது." நடுப்பல்லின் ஓரத்தில் குண்டூசித் தலையளவு ஒரு மேடு இருந்தது. வேறெந்தக் குரங்கின் பல்லிலும் அவர் அதைக் கண்டதில்லை. ஐந்து ஆண்டு உழைப்பு, முனைவர் பட்டம், இந்நாட்டில் ஆய்வாளராக நீடிக்கும் வாய்ப்பு, எல்லாம் அந்த மேட்டின் மேல் நின்றன.

நான் விடுப்பில் ஊருக்குப் புறப்பட்டபோது ரயிலடி வரை வந்தார். "கல்கத்தா போய் ஒரிஜினல பாத்துட்டு வாங்க சார். நல்லதா சொல்லணும்னு இல்ல. இருக்கறத சொல்லுங்க."

பார்த்தேன். உருப்பெருக்கியின் கீழ் அந்தப் பல் வழவழப்பாக இருந்தது. அச்சு எடுக்கையில் பல்லுக்கும் ரப்பருக்கும் இடையில் ஒரு காற்றுக் குமிழ் சிக்கியிருக்கிறது; அது விட்ட குழியில் பிளாஸ்டர் நிறைந்து மேடாகியிருக்கிறது. அச்சு எடுத்ததும் குமிழ் இருக்கிறதா என்று பார்த்திருக்க வேண்டியவன் நானே.

திரும்பியதும் கேன்டீனில் வைத்துச் சொன்னேன். அவர் காபியைக் கலக்கினார். "அப்ப அஞ்சு வருஷமா நான் உங்க காத்த அளந்திருக்கேன், சார்" என்று சிரித்தார்.

பேராசிரியரிடம் என் பிழையை நானே சொல்கிறேன் என்றேன். "வேணாம் சார். ஒரிஜினல பாக்காம எழுதினது நான். உங்க வேலையும் போச்சுன்னா எனக்கு காபி யாரு வாங்கித் தருவா?"

அன்று மாலைக்குள் ஆய்வேட்டைத் திரும்பப் பெற்றார். அதற்கான கடிதத்தில் 'என் பார்வைப் பிழை' என்று மட்டும் எழுதினார். உதவித்தொகை நின்றது. மிஞ்சியது நிலவறைச் சல்லடை. விதிகளைப் பற்றி ஓயாமல் பேசும் நான் என் பிழையைப் பற்றி மட்டும் யாரிடமும் சொல்லவில்லை.

அண்மையில், அத்தாடைக்குரிய இனமே மனித வழியைச் சேர்ந்ததன்று என்ற கருத்து வலுத்து வருகிறது. அவ்வாறு வாதிடும் கட்டுரை ஒன்றை அவரிடம் எடுத்துச் சென்றேன். சல்லடையை நிறுத்தாமலே கேட்டார்: "மாமா நமக்கு சொந்தமே இல்லையா? இவ்ளோ நாள் வெத்தலபாக்கு வெச்சதெல்லாம் வீணா?" சற்றுக் கழித்து, "மேடு இருந்திருந்தாலும் எனக்கு இதே சல்லடதான், சார்" என்றார். அது உண்மையன்று. மேடு இருந்திருந்தால் பட்டமாவது அவருக்குக் கிடைத்திருக்கும். என்னைத் தேற்றவே அப்படிச் சொன்னார்.

எங்கள் சேகரிப்பில் ஒவ்வொரு வார்ப்புக்கும் ஓர் அட்டை உண்டு. இந்த வார்ப்பின் பழைய அட்டையை அகற்றி, அவர் தம் கையெழுத்தில் புதியது எழுதி வைத்திருந்ததை இவ்வாரம்தான் கண்டேன்: 'நடுப்பல் மேடு காற்றுக் குமிழ். அளக்க வேண்டாம்.' 'அச்சு எடுத்தவர்' என்ற இடத்தை மட்டும் நிரப்பாமல் விட்டிருந்தார். நானறிய அவர் மீறிய ஒரே விதி அதுதான்.

அவரிடமிருந்து எனக்கு எஞ்சியிருப்பது அந்த அட்டை. நேற்று அவ்விடத்தில் என் பெயரை எழுதினேன். அதன் கீழே, சரிபார்த்தவர் கையொப்பமிட வேண்டும். அச்சு எடுத்தவரே அதில் ஒப்பமிடலாகாது. அந்த மேடு எப்படி வந்தது என்று அறிந்த இன்னொருவர் இப்போது இல்லை.