மேடையில் வாய் தவறி வந்த "அண்ணை"

கணவனாக நடிக்கிறவரை மேடையில் "அண்ணை" என்று கூப்பிட்டால் நாடகம் என்ன ஆகும்? எந்தப் புத்தகத்திலும் இதற்குப் பதில் இல்லை. எனக்குத் தெரியும். இப்போது நாடகம் போடுகிற பிள்ளைகளுக்கு உதவட்டும் என்று எழுதிவைக்கிறேன்.

எழுபதுகளில் ரொறன்ரோவில் தமிழ்க் குடும்பங்கள் கொஞ்சம்தான். சப்வேயில் சேலை கட்டிய ஒருவரைக் கண்டால், எங்கள் ஸ்ரேசன் தாண்டினாலும் கதைத்து முடித்துவிட்டுத்தான் இறங்குவோம். நான் ஓர் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். மதிய இடைவேளைகளில் ஒரு நாடகம் எழுதினேன். கனடா வேண்டாம் என்று ஊருக்குப் புறப்படும் கணவன், வரமாட்டேன் என்று நிற்கும் மனைவி. கடைசியில் அவள் கெஞ்ச, அவர் பெட்டியைக் கீழே வைக்கிறார். சபை அழவேண்டும். அதுதான் என் திட்டம்.

அதைப் பொங்கல் விழாவில் போடக் கேட்டேன். விழாத் தலைவர் இலேசில் இணங்கவில்லை.

"பிள்ளை, அழுகிற நாடகமெண்டு சொல்லிப்போட்டு சனம் சிரிச்சுதெண்டா, அடுத்த முறை பாட்டுக் கச்சேரிதான். பிறகு என்னட்டை வரக்கூடாது."

ஆங்கிலத்தில் எழுத எனக்கு அப்போது துணிவில்லை. எழுத்தாளராகும் ஆசையைக் கொண்டுபோய் இறக்கிவைக்க எனக்கிருந்த ஒரே இடம், விழா நடக்கும் சேர்ச்சின் பேஸ்மென்ற், அந்த நிலக்கீழ் மண்டபம்தான்.

மனைவியாக நடிக்க யாரும் வரவில்லை. ஆகவே நான் நடிகையானேன். கணவனாக நடிக்கச் சிவகுரு அண்ணை சம்மதித்தார். என்னைவிட நன்றாக மூத்தவர், கட்டட வரைபடம் வரைகிற வேலை. அவருடைய மனைவி பவளம் அக்கா ஒத்திகை தவறாமல் வந்து, முன்னால் இருந்து கம்பளி பின்னுவார்.

"தங்கச்சி, உந்த வசனத்தைக் கொஞ்சம் தள்ளி நிண்டும் சொல்லலாம்தானே?"

கணவனைக் கூப்பிட "இஞ்சாருங்கோ" என்று நானே எழுதிய இடத்திலெல்லாம் என் வாயில் "அண்ணை"தான் வந்தது. "பிள்ளை, நான் உம்மட புருசன்" என்று அவர் நினைவூட்டுவார். அக்காவின் பின்னல் நின்றுவிடும். அந்தப் பயத்தில் எனக்கு இன்னும் கூடுதலாக நாக்குக் குழறும்.

விழாவன்று மண்டபம் நிறைந்திருந்தது. கடைசிக் காட்சி வரை எல்லாம் ஒழுங்காகவே போனது. அண்ணை பெட்டியைத் தூக்கினார். யாரோ ஓர் அன்ரி மூக்கை உறிஞ்சுவது கேட்டது. எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. அந்தப் புளுகத்தில், அந்தப் பூரிப்பில்தான் வாய் தவறியது.

"அண்ணை, என்னை விட்டிட்டுப் போகாதேங்கோ!"

சபை வெடித்துச் சிரித்தது. அண்ணை பேசாமல் பெட்டியைக் கீழே வைத்திருந்தால் எப்படியாவது சமாளித்திருக்கலாம். மனுசன் சபையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"அண்ணையெண்டு கூப்பிட்டாப் பிறகு எனக்கு இஞ்ச என்ன அலுவல்? நான் போறன்!"

போயே விட்டார். கைதட்டல் அடங்கவில்லை. நான் மேடையில் தனியே நின்றேன். மிச்ச வசனமெல்லாம் அவரைப் பார்த்துச் சொல்லவேண்டியவை. திரை இழுக்கிறவர் கயிற்றை மறந்து சிரித்துக்கொண்டிருந்தார். தலைவரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

மேடையில் அவருக்குப் போட்டிருந்த கதிரையில் போய் இருந்தேன். நடிப்பை விட்டுவிட்டுக் கதை சொல்லத் தொடங்கினேன்.

"அவர் போயிட்டார். அடுத்த நாளே பனி கொட்டிச்சுது. பனி அள்ளுற சவள் எங்க இருக்கெண்டு எனக்குத் தெரியாது. அதை எடுத்து வைக்கிறது அவர்தான்..."

ஒரு சட்டியால் அந்த மனைவி வாசல் பனியை அள்ளியதைச் சொன்னேன். சிலர் சிரித்தார்கள். வேலை தேடித் தனியாகப் பஸ் ஏறியதைச் சொன்னேன். சிரிப்பு நின்றது. சொல்லச் சொல்ல எனக்கே தெரியாத விஷயங்கள் வந்துகொண்டிருந்தன. பயமும் போய்விட்டது.

இறங்கி வந்ததும் பவளம் அக்கா என் கையைப் பிடித்தார். சிவகுரு அண்ணை பக்கத்திலேயே பெட்டியோடு நின்றார். அக்கா அவரைத் திரும்பியும் பார்க்கவில்லை.

"தங்கச்சி, உண்மையைச் சொல்லும். அந்த மனுசன் திரும்பி வந்தவரோ?"

"தெரியாது அக்கா. இன்னும் எழுதேல்லை."

"அப்ப எழுதுமன்!"

எழுதினேன். அதுதான் என் முதல் நாவல். அதில் அவர் திரும்பி வரவில்லை. படித்து முடித்த பவளம் அக்கா வெகுகாலம் என்னோடு கதைக்கவே இல்லை. நான் கற்ற பாடம் இதுதான்: இல்லாத ஒரு மனுசனுக்காக ஒருவர் உங்களோடு கோபித்துக்கொண்டால், நீங்கள் எழுத்தாளர்.