படுதாவுக்குள் போன வெள்ளைக்காரம்மா

பயப்படுவதில் எனக்குத் தனித் திறமை உண்டு. மற்றவர்கள் ஏதாவது நடந்த பிறகு பயப்படுவார்கள். நான் முதல் நாள் சாயங்காலமே தொடங்கிவிடுவேன். நடக்க வேண்டியது நடக்கும் நேரத்தில் பாதி பயத்தை முடித்து வைத்திருப்பேன். அப்படிப்பட்ட எனக்கே தெரியாமல் ஒரு பயம் ஆம்பூரில் ஒரு தெருவில் உட்கார்ந்திருந்தது.

எழுபதுகளின் கடைசி. ஆம்பூரில் தோல் ஏற்றுமதி செய்யும் கம்பெனி ஒன்றில் வெளிநாட்டுக்கு இங்கிலீஷில் கடிதம் எழுதும் குமாஸ்தாவாக இருந்தேன். தினமும் வேலூரிலிருந்து பஸ். வேலை தற்காலிகம்தான். ஆறு மாதம் பார்த்துவிட்டு நிரந்தரம் செய்வதாக முதலாளி சொல்லியிருந்தார். அவரும் பார்த்தார். பதினோராவது மாதமும் பார்த்துக்கொண்டிருந்தார். இதற்கிடையில் எனக்குப் பெண் பார்த்து, பெண்ணுக்கும் என்னைப் பிடித்து (இது எங்கள் வீட்டில் யாரும் எதிர்பாராதது), கடைசியில் பெண்ணின் அப்பா ஒரே ஒரு கேள்வி கேட்டார். வேலை நிரந்தரமா? அவர் ஆஸ்பத்திரியில் நர்சுகளுக்கு ட்யூட்டி போடுகிறவர். ஆர்டரைக் கண்ணால் பார்க்காமல் எதையும் நம்பமாட்டார். ஆர்டர் வந்த பிறகு சர்ச்சில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்கலாம் என்று சொல்லிவிட்டார்.

அந்த நேரத்தில்தான் ஜெர்மனியிலிருந்து தோல் வாங்குகிறவர் ஒருவர் மனைவியோடு வந்தார். அவர் காலை முழுக்கத் தோலைப் புரட்டிப் பார்த்து, மத்தியானம் ஒரு மணிக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு, காரில் மெட்ராஸ் போய் விமானம் பிடிக்க வேண்டும். அந்தம்மா போன தடவை எங்கள் தோல் ஷாப்பில் பதனிடுவதற்காகத் தோல் ஊறும் சுண்ணாம்புத் தொட்டியைப் பார்த்தவர். முகர்ந்தவர் என்பதே சரி. இந்த முறை தொட்டி வேண்டாம், ஊரின் பழைய தெருக்களை நடந்து பார்க்க வேண்டும், விவரம் சொல்ல ஒரு ஆள் வேண்டும் என்று கேட்டிருந்தார். ஊர்ச் சரித்திரம் யாருக்குத் தெரியும் என்று முதலாளி ஆபீசில் வந்து கேட்டார். ஒரு கை மேலே போனது. யாருடையது என்று திரும்பிப் பார்த்தேன். என்னுடையது.

முதலாளி என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"ஒரு மணிக்கு அந்தம்மா இங்க இருக்கணும். சந்தோஷமா இருக்கணும். ரெண்டும் நடந்தா உன் விஷயத்தப் பேசிக்கலாம். கோட்டை வுட்டா, அதுக்கும் பேசிக்கலாம்."

ஆம்பூர்ச் சரித்திரத்தில் எனக்கு அப்போது தெரிந்தவை இரண்டு டீக்கடைகள், பஸ் ஸ்டாண்டு, ஒரு பிரியாணிக் கடை. ஆகவே அன்று சாயங்காலம் சாயபுமார் வாழும் பழைய தெரு ஒன்றுக்குப் போய், பார்க்க லட்சணமாக இருந்த ஏழு இடங்களைக் குறித்துக்கொண்டேன். ஒரு வளைவு, ஒரு கிணறு, யானை நுழையும் அளவுக்கு ஒரு வாசல், இப்படி. எதிலும் ஒரு எழுத்துக்கூட எழுதி வைக்கவில்லை. முன்னோர்கள் அசட்டையாக விட்டுப்போன வேலையை நான் செய்தேன். பஸ்ஸில் வேலூர் வந்து சேர்வதற்குள் ஏழு இடத்துக்கும் சரித்திரம் தயாராகிவிட்டது. கிணற்றுக்கு ஒரு நவாபையும் அவருடைய குதிரையையும் கொடுத்தேன். வளைவுக்கு ஒரு யுத்தம். யானை வாசலில் ஒரு இளவரசியை மூன்று மாதம் சிறை வைத்தேன்.

மறுநாள் பத்தரை மணிக்குக் கம்பெனி கார் எங்களைத் தெருமுனையில் இறக்கிவிட்டது. பன்னிரண்டே முக்காலுக்கு வருவதாகச் சொல்லிவிட்டு டிரைவர் போனார்.

அந்தத் தெருவைப் போல அமைதியான தெருவை நான் கண்டதில்லை. ஆண்கள் காலையிலேயே தோல் ஷாப்புக்கும் மண்டிக்கும் போய்விடுவார்கள். பெண்கள் கோஷா. வெளியே வரமாட்டார்கள். இரண்டு பக்கமும் தோளோடு தோள் ஒட்டிக் கட்டிய வீடுகள், ஒவ்வொரு கதவுக்கும் முன்னால் கனமான ஒரு படுதா. தெருமுனையில் தையல் மெஷினோடு ஒரு பாய் உட்கார்ந்திருந்தார். அவர் ஒருவர்தான் ஜன நடமாட்டம்.

அந்தத் தெருவுக்கு ஒரு வழக்கம் உண்டு. அந்நிய ஆண் யாராவது நுழைந்தால் தொண்டையைக் கனைத்துக்கொண்டே நடக்க வேண்டும். படுதா ஓரம் நிற்கும் பெண்கள் உள்ளே நகர்ந்துகொள்ள அது ஒரு மணி. இது எனக்குத் தெரியும். கம்பெனியில் சேர்ந்த முதல் வாரமே சொல்லிக் கொடுத்திருந்தார்கள். ஆகவே நான் வீட்டுக்கு வீடு கனைத்தேன். பயத்தில் கனைப்பு கொஞ்சம் கொஞ்சமாக இருமலாகிவிட்டது. வளைவின் யுத்தத்தை நான் பாதி இருமிப் பாதி சொல்லி முடித்தபோது, அந்தம்மா கைப்பையைத் திறந்து ஒரு மிட்டாயை எடுத்து நீட்டினார். இருமலுக்கான மிட்டாய். பிறகு என்னிடமிருந்து இரண்டடி தள்ளி நடக்க ஆரம்பித்தார். எனக்கு மார்ச்சளி நோய் என்று முடிவு செய்துவிட்டார் போலிருக்கிறது.

கிணறு நன்றாகப் போனது. நவாபின் குதிரை இரண்டு முறை தண்ணீர் குடித்தது. மூன்றாவது இடம் ஒரு தேக்குக் கதவு. அதன் பூ வேலைப்பாட்டை விரலால் காட்டி, இதைச் செதுக்கிய தச்சனுக்கு நேர்ந்த கதியைச் சொல்லிக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து அந்தம்மா ஏதோ கேட்டார். காதில் விழவில்லை. நான் கதை சொல்லும்போது எனக்கே அடுத்தது தெரியாது என்பதால் கவனம் சிதறக் கூடாது. திரும்பாமலே "யெஸ், யெஸ்" என்றேன். தச்சனின் இரண்டு கைகளையும் வெட்டிவிட்டுத் திரும்பினேன்.

யாருமில்லை. எதிர் வீட்டுப் பச்சைப் படுதா மட்டும் லேசாக ஆடிக்கொண்டிருந்தது. உள்ளே வளையல் சத்தம், சிரிப்பு. பிறகு அதுவும் தூரமாகிப் போனது.

விஷயம் புரிய எனக்கு ஒரு நிமிடம் ஆயிற்று. படுதாவின் ஓரத்தில் யாரோ கையை அசைத்துக் கூப்பிட்டிருக்கிறார்கள். உள்ளே போகலாமா என்று அந்தம்மா முறையாக என்னிடம் கேட்டிருக்கிறார். நானும் முறையாக அனுமதி கொடுத்திருக்கிறேன். அவர் பெண், போகலாம். நான் ஆண், முடியாது. ஊரைச் சுற்றிக்காட்ட வந்தவன் வெளியே, சுற்றிப் பார்க்க வந்தவர் உள்ளே. நடுவில் ஒரு துணி.

பரவாயில்லை, ஐந்து நிமிடம் என்று நின்றேன். இருபது நிமிடம் ஆனது. கதவைத் தட்டவும் முடியாது, தட்டப் படுதாவைத் தூக்க வேண்டும். கத்திக் கூப்பிடவும் முடியாது. கோஷாத் தெருவில் நின்று ஒரு பொம்பளையைக் கத்திக் கூப்பிடும் ஆளை அடிக்க எங்கிருந்தாவது நாலு பேர் வந்துவிடுவார்கள். எனக்கு அனுமதிக்கப்பட்ட ஒரே ஓசை இருமல். ஆகவே இருமினேன். முதலில் பணிவாக இருமினேன். பிறகு, நேரமாகிறது என்பது தெரியும்படி இருமினேன். பிறகு, இங்கே ஒருவனுடைய கல்யாணம் நின்றுபோகப் போகிறது என்ற பொருளில் இருமினேன்.

படுதா ஓரமாக ஒரு கை வந்தது. கையில் ஒரு டம்ளர் தண்ணீர். குடித்தேன். டம்ளரை வாங்கிக்கொண்டு கை உள்ளே போய்விட்டது. அந்தம்மாவைப் பற்றிக் கேட்க வாயைத் திறந்தால் இருமல் வந்தது. இந்த முறை நிஜ இருமல். கொஞ்ச நேரத்தில் பக்கத்து வீட்டுப் படுதாவிலிருந்து மிளகும் மஞ்சளும் போட்ட சூடான பால் வந்தது. அதையும் குடித்தேன். தெரு முழுக்க என்மேல் இரக்கப்பட்டது. ஒருவரும் வெள்ளைக்காரம்மாவைத் திருப்பித் தரவில்லை.

தெருமுனைக்கு ஓடிப்போய் தையல்கார பாயிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் மெஷினை நிறுத்தாமலே கேட்டார்.

"எந்த வூட்டுக்குள்ள போனாங்கன்னு சொல்றீங்க?"

"அந்தப் பச்சைப் படுதா, பாய். அங்கதான் நின்னுனு இருக்கேன்."

"அங்க நின்னு இன்னா சார் பிரயோஜனம்? அந்த வரிசைல பதினோரு வூடு. எல்லாம் அண்ணன் தம்பி, மாமன் மச்சான். உள்ள வூட்டுக்கு வூடு கதவு இருக்குது. பொம்பளைங்க தெருவுல கால வைக்காமயே இந்த மூலைலேர்ந்து அந்த மூலைக்குப் போய்டுவாங்க. எங்க போனாங்கன்னு கேக்காதீங்க. எங்க வருவாங்கன்னு கேளுங்க."

"எங்க பாய் வருவாங்க?"

"அது எனக்கு எப்டி சார் தெரியும்? நான் இன்னா உள்ளயா போறேன்?"

அதன் பிறகு பதினோரு படுதாக்களையும் காவல் காக்க ஆரம்பித்தேன். முதல் வீட்டிலிருந்து பதினோராம் வீட்டுக்கு நடை, அங்கிருந்து திரும்பி நடை. சிரிப்பு நாலாம் வீட்டில் கேட்டால் நான் நாலாம் வீட்டுக்கு ஓடுவேன். அதற்குள் பிரியாணி வாசனை ஆறாம் வீட்டுக்குப் போய்விடும். அந்த அமைதியான தெருவின் சரித்திரத்தில் இவ்வளவு நடந்த ஆண்பிள்ளை வேறு யாரும் இருக்க முடியாது. மணி பன்னிரண்டேகால். மனதுக்குள் நான் பெண்ணின் அப்பாவுக்கு ஒரு கடிதம், எங்கள் அப்பாவுக்கு ஒரு கடிதம், ஜெர்மன் சர்க்காருக்கு ஒரு கடிதம் எழுதி முடித்திருந்தேன். மூன்றாவதில்தான் இங்கிலீஷ் நன்றாக அமைந்தது.

பன்னிரண்டரைக்கு என் கை என்னைக் கேட்காமல் இன்னொரு காரியம் செய்தது. ஏழாம் வீட்டுப் படுதாவின் ஓரத்தைப் பிடித்துவிட்டது. இதோ தூக்கப் போகிறேன் என்ற நிலையில், இவ்வளவு நேரம் ஓடிக்கொண்டிருந்த தையல் மெஷின் சட்டென்று நின்றது. திரும்பினேன். பாய் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் துணியைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்து, தரம் பார்ப்பவன் போலத் தலையாட்டினேன்.

"நல்ல துணி சார்," என்றார் அவர் தூரத்திலிருந்தே. "நான்தான் தச்சேன்."

விட்டுவிட்டேன்.

கார் வந்து நின்று, டிரைவர் இரண்டு முறை ஹாரன் அடித்த பிறகு, பதினோராம் வீட்டுப் படுதா விலகியது. அந்தம்மா வந்தார். பின்னிய தலையில் மல்லிகை, கண்ணில் சுருமா மை, இரண்டு கைகளிலும் முழங்கை வரைக்கும் ஈரம் காயாத மருதாணி. கைகள் எதிலும் பட்டுவிடாமல் முன்னால் நீட்டிக்கொண்டே நடந்து வந்தார். கைப்பை கழுத்தில் தொங்கியது. ஏறுவதற்குக் காரின் கதவை நான் திறக்க வேண்டியிருந்தது. அன்று நான் அவருக்குச் செய்த ஒரே உபயோகமான வேலை அதுதான்.

காரில் அவர் பேசிக்கொண்டே வந்தார். உள்ளே ஒரு மருமகள் மெட்ராசில் கான்வெண்டில் படித்தவளாம், நல்ல இங்கிலீஷாம். நான் தெருவில் நின்று சொன்ன எல்லாவற்றையும் படுதாக்களுக்குப் பின்னால் அத்தனை பெண்களும் கேட்டிருக்கிறார்கள். அவள் மொழிபெயர்த்திருக்கிறாள், அவர்கள் சிரித்திருக்கிறார்கள். நவாபின் கிணறு அவர்களில் ஒருத்தியின் தகப்பனார் வெட்டியது. யுத்தம் நடந்த வளைவு, தோல் வண்டி உள்ளே வருவதற்காக இடித்துப் பெரிதாக்கியது. தச்சன் இரண்டு கைகளோடும் குடியாத்தத்தில் சௌக்கியமாக இருக்கிறான்.

எல்லாம் சொல்லிவிட்டு, அந்தக் குதிரையாவது நிஜமா என்று கேட்டார். ஏதாவது ஒரு குதிரை எப்போதாவது குடித்திருக்கும் என்றேன்.

தோல் ஷாப்பை அடைந்தபோது மணி ஒன்று பத்து. ஜெர்மன்காரர் கடிகாரத்தையும் மனைவியின் கைகளையும் மாறி மாறிப் பார்த்தார். முதலாளி மருதாணியைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். உங்கள் ஆள் எனக்கு வெளிப்புறத்தை மிக நன்றாகக் காட்டினார் என்று அந்தம்மா அவரிடம் சொன்னார். கையெழுத்தாகி, கார் கிளம்பிப் போயிற்று. முதலாளி என்னைத் திரும்பிப் பார்க்காமல் உள்ளே போனார். வேலை போனது புரிய எனக்கு அதுவே போதுமானதாக இருந்தது.

மறுநாள் காலை அவராகக் கூப்பிடுவதற்கு முன்னால் நானே உள்ளே போய், ராஜினாமாக் கடிதத்தை மேஜைமேல் வைத்தேன். துரத்துவதற்கு முன்னால் ஓடிவிடுவது எங்கள் குடும்ப வழக்கம். அவர் அதைப் படிக்கவில்லை.

"எங்க அக்கா ஏழாம் வூட்ல இருக்கா, தெரியுமா உனக்கு?"

தெரியாது என்றேன்.

"அந்தக் கெணறு எங்க அப்பா வெட்டனது. நான் சின்னதா இருக்கச்சொல்லோ நானே மண்ணு வாரி இருக்கேன். எந்த நவாபும் வரல. அக்கா காலைல வரச் சொன்னா. போனேன். இன்னா சொன்னா தெரியுமா? அந்த ஆளு பொய் ஜாஸ்தி பேசறான். ஆனா ஒன்ற மணி நேரம் வெயில்ல உசுரு போறாப்ல இருமினு கெடந்தான், ஒரு படுதாவத் தொடல. அப்பேர்ப்பட்ட ஆள வச்சிக்கோன்னா."

இந்த இடத்தில் புத்தியுள்ளவன் வாயை மூடிக்கொண்டிருப்பான். எனக்குப் பயத்தில் உண்மை வந்துவிடும்.

"தொட்டேன் சார். ஓரத்த மட்டும். அக்கா வூட்லதான்."

"தெரியும். தையக்கார பாய் சொன்னாரு. தூக்கினியா?"

"இல்ல சார்."

"ஏன் தூக்கல?"

மரியாதை, பண்பாடு என்று இரண்டு மூன்று நல்ல சொற்கள் வாய்வரை வந்தன.

"பயம் சார்."

அவர் டைப் அடித்துத் தயாராக இருந்த ஒரு தாளில் கையெழுத்துப் போட்டு என் பக்கம் தள்ளினார். நிரந்தரம். இனிமேல் வாங்க வருகிறவர்களின் சம்சாரங்களைப் பச்சைப் படுதா வரைக்கும் கொண்டுபோய் விட்டுவிட்டு, அவர்கள் வெளியே வரும்வரை தையல் கடையில் உட்கார்ந்திருக்க வேண்டும் என்றார். உள்ளே காட்டுவதை அக்கா பார்த்துக்கொள்வார்களாம்.

நான் ராஜினாமாவைத் திரும்ப எடுக்கக் கையை நீட்டினேன். அவர் அதை மடித்துத் தன் மேஜை இழுப்பறைக்குள் வைத்துப் பூட்டினார்.

"இது இங்கியே இருக்கட்டும்பா. தேவப்பட்டா தேதிய மட்டும் மாத்திக்கலாம்."

அடுத்த ஞாயிறு சர்ச்சில் எங்கள் ஓலையை வாசித்தார்கள். அந்தக் கம்பெனியில் மேலும் எட்டு வருடம் இருந்தேன். அவர் பேனா எடுக்க அந்த இழுப்பறையைத் திறக்கும் ஒவ்வொரு முறையும் எனக்கு வியர்த்தது.