மிரேவா என்றால்

பெயிண்ட் கடையில் அவளுக்குக் கலரக்கா என்று பெயர். வீட்டில் மூணு. பிறந்தபோது வைத்த பெயர் ஒன்றும் இருந்தது, தொல்லையே அதுதான். அவளுடைய அப்பாவும் அவர் கூடப்பிறந்தவர்களும் ஒரே வீட்டில் குடியிருந்தார்கள். இறந்துபோன தங்கள் அம்மாவின் பெயரை ஆளாளுக்குத் தங்கள் மகளுக்கு வைத்தார்கள். யாரும் விட்டுக்கொடுக்கவில்லை. ஆகவே ஒரே கூரைக்குக் கீழே ஒரே பெயரில் நான்கு பெண்கள். ஒரு குரல் கொடுத்தால் நான்கு தலைகள் திரும்பும். பாலைக் கொட்டியது ஒருத்தி, அடி வாங்கியது இன்னொருத்தி. அந்த இன்னொருத்தி பெரும்பாலும் இவள்தான், கூப்பிட்டவுடன் ஓடிவருகிற சுபாவம் இவளுக்கு.

கடைசியில் பெரியவர்கள் சலித்துப்போய் வயதுப்படி எண் கொடுத்துவிட்டார்கள். மற்ற மூன்று பேரும் கல்யாணமாகிப் போனதும் எண்ணை உதறிவிட்டார்கள். இவளை அது விடவில்லை. கட்டிக்கொண்டவர் லிப்ட் மெக்கானிக், எண்களோடு பழகிய மனிதர். கல்யாணமான முதல் வாரமே "மூணு, காப்பி இருக்கா?" என்று ஆரம்பித்துவிட்டார்.

கடையில் அவளுடைய இடம் நிறம் கலக்கும் மெஷினுக்குப் பக்கத்தில். செருப்பைக் கொண்டுவருவார்கள், தலையணை உறையைக் கொண்டுவருவார்கள், ஒருவர் பல்செட்டைக் கழற்றிக் காட்டி இந்த வெள்ளைதான் வேண்டும் என்று நின்றார். மூணு டப்பா மூடியில் துளி தொட்டு வைத்து, ஹேர் டிரையரால் உலர்த்தி, வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய்க் காட்டுவாள். "ஈரத்துல பார்த்துத் தலையாட்டாதீங்க. காய்ஞ்சப்புறம் என்கிட்டத்தான் சண்டைக்கு வருவீங்க."

வயிற்றில் பிள்ளையோடு வேலைக்குப் போய்க்கொண்டிருந்த நாளில் கம்பெனியின் புது ஷேடு கார்டு வந்தது. அதில் ஒரு கட்டம், பச்சையா சாம்பலா என்று முடிவுக்கு வராத நிறம். அடியில் பொடியெழுத்தில் 'மிரேவா' என்றிருந்தது. வாய்க்குள் சொல்லிப் பார்த்தாள். கார்டு கொண்டுவந்த விற்பனைப் பையனிடம் அர்த்தம் கேட்டாள்.

"அர்த்தமா? யாராவது ஏசி ரூம்ல உட்கார்ந்து யோசிச்சிருப்பாங்க அக்கா. காதுக்கு நல்லாயிருக்குல்ல, அவ்வளவுதான்."

எந்த மொழியிலும் இல்லாத பெயர். இதற்கு முன் யாரையும் கூப்பிட்டிராத பெயர். அன்றே முடிவு செய்துவிட்டாள். அந்த நிறம் என்னவோ சுவரில் ஏறியதும் பாசி பிடித்த மாதிரி இருக்கிறது என்று ஆட்கள் டப்பாவைத் திருப்பிக் கொண்டுவந்தார்கள். மறு வருஷமே கம்பெனி அதை நிறுத்திவிட்டது. அதற்குள் மகள் பிறந்து, பெயரும் வைத்தாயிற்று.

பிள்ளை பார்க்க வந்த நாத்தனார்தான் முதலில் பிடித்துக்கொண்டார். "மிரேவாவா? இருமல் மருந்து பேரு மாதிரி இருக்கு. என்னடி அர்த்தம்?"

பெயிண்ட் என்று சொன்னால், மகளுக்குக் காது குத்துவதற்குள் 'டப்பா' என்று பட்டம் கட்டிவிடுவார். மூணுவின் வாய் தானாகத் திறந்தது. "முதல் வெளிச்சம், அண்ணி. ஏதோ பழைய மொழியாம்."

எந்த மொழி என்று நாத்தனார் கேட்கவில்லை. தனக்குத் தெரியாத சங்கதி ஒன்று உண்டு என்று காட்டிக்கொள்வது அவர் பரம்பரையிலேயே கிடையாது. மாறாக, போன வீட்டிலெல்லாம் அவரே அந்த அர்த்தத்தைச் சொல்லிப் பரப்பினார். மகளும் அதைச் சொல்லியே வளர்ந்தாள். காலேஜில் படிக்கும்போது மணிக்கட்டில் உதயசூரியனைப் பச்சை குத்திக்கொண்டு வந்து நின்றாள். அப்போதாவது சொல்லியிருக்கலாம். மூணு, "வலிச்சுதா?" என்று மட்டும் கேட்டாள்.

இப்போது அந்த மகளுக்கு ஒரு மகள் பிறந்திருக்கிறாள். கடை விட்டதும் குழந்தையைப் பார்க்கப் போன ஒரு சாயங்காலம், மகள் போனைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னாள்:

"அம்மா, பேரு முடிவு பண்ணிட்டோம். பகலினி. நான் முதல் வெளிச்சம், இவ பகல். எப்படி?"

"நல்லாயிருக்கே."

"நாளைக்குச் சொந்தக்காரங்க எல்லாருக்கும் சொல்லப்போறோம். ரெண்டு பேருக்கும் அர்த்தம் போட்டு அழகா ஒரு அட்டை அடிக்கலாம்னு இருக்கேன். மிரேவா எந்த மொழின்னு மட்டும் கிடைக்கவே மாட்டேங்குது. உனக்கு யாரு சொன்னா?"

"யோசிச்சுச் சொல்றேன்," என்று செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டாள்.

வீட்டில் புருஷன்காரர் கேட்டுவிட்டுக் கையை உதறினார். "ஓடிக்கிட்டிருக்கிற லிப்டை யாராவது கழற்றிப் பார்ப்பாங்களா? ஏதாவது ஒரு மொழியைச் சொல்லிட்டுப் போ."

"இவ்வளவு நாள் என்னோட பொய். நாளையிலிருந்து அந்தப் பச்சைமண்ணு தலையிலும் அதை ஏத்தணுமா?"

"அப்போ சொல்லு. அவ முகத்தைத் திருப்பிக்கிட்டா என்கிட்ட வந்து அழாதே."

மறுநாள் அரை நாள் லீவு போட்டுக்கொண்டு போனாள். மகள் குழந்தையின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். சுற்றி வளைக்காமல் மூணு சொல்லி முடித்தாள். கார்டு, விற்பனைப் பையன், அத்தையிடம் விட்ட புளுகு, எல்லாம்.

மகள் கையிலிருந்த சின்னச் சட்டையை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

"பெயிண்டா?"

"ம்."

"கையில சூரியனைக் குத்திக்கிட்டுத் திரியறேனே! அன்னைக்கு வலிச்சுதான்னு கேட்டியே, அப்பவே சொல்ல வாய் வரலையா?"

"வரலை."

"நல்ல கலராவது இருந்துச்சா?"

பொய் சொல்லலாம் போல நாக்கு துறுதுறுத்தது. "இல்லைம்மா. பாசி மாதிரின்னு எல்லாரும் திருப்பிக் கொடுத்துட்டாங்க."

மகள் எழுந்து சமையலறைக்குள் போனாள். குழாய் வெகுநேரம் ஓடியது. மூணு தொட்டில் கயிற்றைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். போகலாமா இருக்கலாமா என்று தெரியவில்லை. இருந்தாள்.

திரும்பி வந்த மகள் எதிரில் உட்காரவில்லை, சுவரில் சாய்ந்து நின்றாள். "அர்த்தமே இல்லாத பேரு எதுக்கும்மா? ஊரு உலகத்துல வேற பேரா இல்லை?"

"இருந்துச்சு. எல்லாத்துக்கும் ஆளும் இருந்துச்சு. என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டா நான் மட்டும் வந்ததா எனக்கு ஞாபகமே இல்லடி. அடியும் வந்துச்சு, வேலையும் வந்துச்சு. எது எனக்கு, எது மத்தவளுக்குன்னு கடைசி வரைக்கும் தெரியலை. உன்னைக் கூப்பிட்டா நீ மட்டும் திரும்பணும்னு நினைச்சேன். அந்தப் பேருல ஒருத்தரும் இல்லை. அதான்."

அம்மாவை வீட்டில் மூணு என்று கூப்பிடுவது மகளுக்குத் தெரியும். ஏன் என்று இதுவரை கேட்டதில்லை.

"அப்போ குழந்தைக்கு?" என்றாள் மூணு, தயங்கி.

"பகலினிதான். அதுக்காவது நிஜமா அர்த்தம் இருக்கு." குரலில் காரம் இன்னும் போகவில்லை. ஆனால் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

அந்த நேரம் பார்த்து மகளின் மாமியார் வெந்நீரோடு உள்ளே வந்தார். "என்ன சம்பந்தி, எந்த மொழின்னு தெரிஞ்சுதா? அட்டை அடிக்கிற கடைக்காரர் ரெண்டு தடவை போன் பண்ணிட்டார்."

மகள் அம்மாவைப் பார்த்தாள். உதவிக்கு வரவில்லை. "நீயே சொல்லு."

மூணு தொண்டையைச் செருமிக்கொண்டாள். அன்றைக்கு நாத்தனார், இன்றைக்குச் சம்பந்தி. "மொழி எல்லாம் இல்லைங்க. பெயிண்ட் கார்டுல பார்த்து வச்ச பேரு. முதல் வெளிச்சம்னு நான்தான் கதை விட்டேன்."

மாமியார் வெந்நீரைக் கீழே வைத்தார். மருமகளை மேலும் கீழும் பார்த்தார், ஏதோ பூச்சு தெரிகிறதா என்று பார்ப்பதுபோல. பிறகு, "எங்க கூடத்துக்கு அடிக்கணும்னு ரொம்ப நாளா பார்த்துக்கிட்டிருக்கேன். அந்தக் கலர் இன்னும் கிடைக்குமா?" என்றார்.

மூணு வாயைத் திறப்பதற்குள் மகள் முந்திக்கொண்டாள்.

"ஸ்டாக் இல்லை அத்தை. நான் ஒருத்திதான் மிச்சம்."