சாகிற பாப்பா

எனக்கு ஆறு வயதிருக்கும்போது கழுகுமலைப் பக்கம் சினிமா எடுக்க வந்தார்கள். பஞ்சத்தில் பிள்ளையைப் பறிகொடுக்கிற ஒரு தாயின் கதை. சாவதற்கு ஒரு குழந்தை வேண்டும் என்று அவர்கள் தேட, அவர்களுக்கு வேன் ஓட்டிய என் மாமா என்னைக் கொண்டுபோய் நிறுத்தினார். வசனம் கிடையாது. மூச்சு தெரியாமல் கிடக்க வேண்டும், அவ்வளவுதான்.

விடியுமுன்னே கோவில்பட்டியில் வேன் ஏற்றி, முகத்தில் சாம்பல் பூசி, உச்சிவெயில் வரை காத்திருக்க வைத்தார்கள். கரிசல் காட்டில் கிடத்தியதுமே அசதியில் நிஜமாகவே தூங்கிப்போனேன். நடிகை என்மேல் விழுந்து கதறியதுகூடத் தெரியாது. விழித்தபோது எல்லோரும் கைதட்டினார்கள். பிறவி நடிகை என்றார் டைரக்டர்.

அதன்பின் அந்தப் பக்கம் யார் படமெடுத்தாலும் சாவதற்கு என்னைத்தான் கூப்பிட்டார்கள். ஒன்றில் பாம்பு கடித்தது. ஒன்றில் கிணற்றில் விழுந்தேன். காய்ச்சலிலும் போனேன். பள்ளிக்கூடத்தில் நான் பெரிய ஆள். ஆனால் எந்நேரமும் தூக்கம் தூக்கமாக வரும்.

அம்மா தீப்பெட்டி ஆபீஸில் வேலை பார்த்ததால் படப்பிடிப்புக்கு வந்ததேயில்லை. ஒருநாள் மாமா வற்புறுத்தி அழைத்துவந்தார். அன்று என்னை ஒரு வீட்டு வாசலில் கிடத்தி, மாலை போட்டு, நெற்றியில் காசு ஒட்டியிருந்தார்கள். வழக்கம்போல் தூங்கிவிட்டேன். யாரோ வாரித் தூக்கி உலுக்கவும் விழித்தேன். அம்மா. மாலை பிய்ந்து தரையில் கிடந்தது.

"யக்கா, நடிப்புதான! இப்படிக் கெடுத்துட்டியே" என்று மாமா பதறினார்.

"பேரச் சொல்லிக் கூப்பிட்டேன்லே. எந்திரிக்கலயே" என்றாள் அம்மா. "இனிமே எம்பிள்ள இங்கன வராது."

டைரக்டர் வந்து பேசிப் பார்த்தார். அவள் காதில் எதுவும் விழவில்லை. சாம்பல் முகத்தோடேயே என்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு ரோட்டுக்கு நடந்தாள். என் சினிமா வாழ்க்கை அத்தோடு முடிந்தது.

பஸ்ஸில் உட்கார்ந்ததும் எனக்குக் கண் சொருகியது.

"ஏட்டி, தூங்காத. எதாச்சும் பேசு" என்று உலுக்கினாள்.

மறுபடி சொருகியது. மறுபடி உலுக்கினாள். பேச ஒன்றுமில்லை என்றதும் வாய்ப்பாடு சொல்லச் சொன்னாள். வந்த வாய்ப்பைக் கெடுத்ததும் போதாமல், தூங்கவும் விடாமல் தண்டிக்கிறாளே என்ற ஆத்திரத்தில், கோவில்பட்டி வரைக்கும் நான் அழுதுகொண்டே வாய்ப்பாடு சொன்னேன்.